கப்பல் கோதுமையும் நம்ம மாவு மிஷினும்

என் ஆசை மாப்பிள்ளை துரைசாமிக்கு,

நீ போய் ஒரு வருஷம் ஆகிறது. நாளைக்கு உன் படத்துக்கு மாலை போட ஜீவனஹள்ளித் தெருவே வரும். வருகிறவர்கள் முன்னால் இதைப் படிக்க வேண்டும் என்று உன் மகள் சரோஜா பிடிவாதம். எனக்கு எழுதப் படிக்கத் தெரியாது என்பது உனக்குத் தெரியும். நான் சொல்கிறேன், அவள் எழுதுகிறாள். "மாமா, மூச்சு விடாம சொன்னா எப்படி எழுதறது?" என்று இப்போதே அதட்டுகிறாள். அப்படியே உன் அதட்டல்தான்.

உனக்குச் சொல்ல ஒரு சேதி இருக்கிறது. நீ விட்டுப்போன மாவு மிஷினை விற்பதா வேண்டாமா என்று என் தங்கை முனியம்மா ஒரு மாதமாகத் தூங்கவில்லை. போன ஞாயிற்றுக்கிழமைதான் அது முடிவானது. எப்படி முடிந்தது என்று சொல்வதற்கு முன்னால், நாளைக்கு உட்கார்ந்து கேட்கப்போகிற சின்ன வயசுக்காரர்களுக்காக ஆரம்பத்திலிருந்து சொல்கிறேன். நீ பொறுத்துக்கொள்.

நீயும் நானும் பெங்களூர் கூட்ஸ் ஷெட்டில் மூட்டை தூக்கியவர்கள். சுதந்திரம் வந்த காலத்தில் பர்மா அரிசி வந்தது, அப்புறம் பால் பவுடர் வந்தது, பிறகு வேகன் வேகனாக அமெரிக்கக் கோதுமை வந்தது. சாக்கின் மேல் இரண்டு கைகள் குலுக்கிக்கொள்கிற மாதிரி படம். நீ மூட்டையை முதுகில் ஏற்றாமல் அந்தப் படத்தையே பார்த்துக்கொண்டு நின்றாய்.

"மச்சான், இதுல எந்தக் கை நம்முது?"

"மூட்டையைத் தூக்குதே, அந்தக் கை. நட."

நீ சிரித்தாய். ஆனால் கேள்வியை விடவில்லை. அமெரிக்காக்காரன் எதற்காக இத்தனை கோதுமையைக் கடல் தாண்டி அனுப்புகிறான்? நம்மிடமிருந்து என்ன எடுத்துக்கொள்கிறான்? கிடைத்தவர்களையெல்லாம் கேட்டாய். அவன் ஊரில் விளைச்சல் அதிகம், கொட்டிவைக்க இடமில்லை என்றார் ஷெட் கிளார்க். எல்லாம் இரக்கம்தான் என்றார் மாதா கோயில் பாதிரியார். நாம் ருஷ்யா பக்கம் சாய்ந்துவிடக் கூடாதே என்று போடுகிற தீனி என்றார் யூனியன்காரர். மல்லேஸ்வரத்தில் நாம் சாமான் இறக்கப்போன வீட்டில் ஒரு ரிடையர்டான கணக்கர் இருந்தாரே, அவர் சொன்னதுதான் விசித்திரம். சும்மா வருவதில்லையாம். நம் சர்க்கார் நம் ரூபாயிலேயே விலை கொடுக்கிறதாம், அந்த ரூபாயை அமெரிக்காக்காரன் இந்த நாட்டிலேயே வைத்திருக்கிறானாம்.

"இங்கேயே வச்சு இன்னா பண்ணுவான் சாமி? மசால் தோசை துன்னுவானா?" என்று கேட்டாய். அவர் காபித் தம்ளரைக் கீழே வைத்துவிட்டுச் சிரித்தார்.

திரும்பி வரும்போது வண்டியைத் தள்ளிக்கொண்டே சொன்னாய்: "எல்லாரும் சொல்றதும் சரியாத்தான் இருக்குது மச்சான். அதான் சந்தேகமா இருக்குது."

ரேஷன் கடையில் அரிசியைக் குறைத்துக் கோதுமை போட்டார்கள். நம் சனங்களுக்கு அதை என்ன செய்வதென்று தெரியவில்லை. முனியம்மா அதை அப்படியே உலையில் போட்டு, வேகவைத்து, கஞ்சி வடித்து, உன் தட்டில் கொட்டி ரசத்தை ஊற்றினாள். நானும் பக்கத்தில் உட்கார்ந்திருந்தேன். வாயில் போட்டால் பல்லுக்குப் பிடிபடாமல் ஓடுகிறது.

"முனியம்மா, தாடை வலிக்குதும்மே. இது சோறா, மாட்டுத் தீனியா?" என்றாய்.

"அனுப்பினவனுக்கு எப்பேர்ப்பட்ட தாடையோ! அவனைப் போய்க் கேளுங்க."

தெருவில் எல்லா வீட்டிலும் அதே கூத்து. அன்றைக்குத்தான் உனக்கு அந்த யோசனை வந்தது. கப்பலில் வருவதை யாராவது அரைத்துக் கொடுக்க வேண்டும். ஷெட் வேலையை விட்டாய், முனியம்மாவின் கையில் கழுத்தில் இருந்ததையெல்லாம் அடகு வைத்துப் பழைய கல்லும் மோட்டாரும் வாங்கினாய். நான் பைத்தியக்காரன் என்று திட்டினேன். ஆறு மாதத்தில் டின்னும் கையுமாகப் பெண்கள் நம் சந்து முனை வரைக்கும் நின்றார்கள்.

அந்த மழைக்காலம் ஞாபகம் இருக்கிறதா? ரேஷன் கோதுமைக்குக் கப்பல் வாடை. மூட்டையில் போட்ட பூச்சி மருந்து வாடையோ என்னவோ. அரிசியைக் கழுவிப் பழகிய கைகள் ஆயிற்றே, நம் பெண்கள் கோதுமையையும் கழுவினார்கள். வெயில் இருந்தவரை பாயில் காயப்போட்டுக் கொண்டுவந்தார்கள், ஒன்றும் ஆகவில்லை. ஆடியில் பெங்களூர்த் தூறல் பிடித்துக்கொண்டது. மேலே தொட்டால் காய்ந்த மாதிரி, உள்ளே ஈரம். கல்லுக்கு நடுவில் போனது மாவாகவில்லை, களியாக ஒட்டிக்கொண்டது. கல் நின்றது, மோட்டார் நிற்கவில்லை. புகை வந்து, கறக் என்று ஒரு சத்தம். அத்தோடு பேரிங் போயிற்று.

ரிப்பேர்க் கடைக்காரர் கையை விரித்துவிட்டார். சீமைச் சாமானாம். வெளிநாட்டுப் பணம் தட்டுப்பாடாம், லைசென்ஸ் இல்லாமல் வராதாம். நீ அவரிடம் கேட்டதை நான் இன்றைக்கும் நினைத்துப் பார்க்கிறேன்.

"ஏங்க, மலை மாதிரி கோதுமை கப்பல்ல வருது. அதை அரைக்கிற மிஷினுக்கு உள்ளங்கை அகலத்துல ஒரு வளையம். அதுக்கு மட்டும் கப்பல்ல இடமில்லையா?"

"என்னை ஏன்யா கேக்கற? நான் என்ன மந்திரியா?"

வாரக்கணக்கில் மிஷின் மூடிக் கிடந்தது. கடைசியில் பழைய இரும்புக் கடையில் ஒன்று கிடைத்தது. ஆனால் கேள்வி என்னிடம் தங்கிவிட்டது. தின்கிறதைக் கொடுக்கிறவன், அதை அரைக்கிற சாமானை ஏன் கொடுக்கவில்லை? அவன் கொடுக்கவில்லையா, நம் ஆட்கள் கேட்கவில்லையா? பிற்பாடு ரூபாயின் மதிப்பைக் குறைத்தார்கள். "ராத்திரி படுக்கறப்போ நல்லா இருந்த ரூபா விடியறதுக்குள்ள எப்படி மச்சான் இளைச்சுப் போவும்?" என்றாய்.

மிஷின் வைத்திருக்கிறவர்களுக்குத் தெரியும், ஒரு தானியம் அரைத்த கல்லில் அதன் மிச்சம் ஒரு பிடி நிற்கும். அடுத்தவர் டின்னில் அதுதான் முதலில் விழும். அதனால் வருகிற பெண்கள் எல்லோரும் கேட்கிற முதல் கேள்வி, "இப்ப இன்னா ஓடிச்சு?" ராகி என்றால் கோதுமைக்காரி டின்னை நகர்த்த மாட்டாள். வெள்ளை மாவு கறுத்துவிடுமே. அதனால் நீ ஒரு வழக்கம் வைத்தாய். பகலெல்லாம் கோதுமை, ராகி கடைசியில்.

அந்த வழக்கத்தைத்தான் பசப்பா சொல்லிக் காட்டினான். அத்திபெலேயிலிருந்து ராகி மூட்டை ஏற்றிவருகிற விவசாயி, ஷெட்டில் இருந்த நாளிலிருந்து நமக்குச் சிநேகிதன். விற்காத மூட்டையோடு வண்டியை நம் வாசலில் நிறுத்தினான்.

"ஏனப்பா துரைசாமி, உன் மிஷின் சத்தம் அத்திபெலே வரைக்கும் கேக்குது. என் ராகியைத் தின்ற சத்தம்."

"உன் ராகியை அரைக்கமாட்டேன்னு நான் சொன்னேனா?"

"அரைப்பே, அரைப்பே. எல்லார் மாவும் வூட்டுக்குப் போன பிற்பாடு அரைப்பே. ரேஷன்ல கோதுமை அவ்ளோ சல்லிசாப் போட்டா என் ராகியை எவன் வாங்கறான்? பாதி நிலத்தைச் சும்மா போட்டுட்டேன், தெரியுமா?"

அவனுக்கு மோர் கொண்டுவரச் சொன்னாய்.

அப்புறம் மழை பொய்த்த அந்த இரண்டு வருஷங்கள். கோதுமை மட்டும் வராமல் இருந்திருந்தால் நம் தெருவில் எத்தனை வீட்டில் அடுப்பு எரிந்திருக்கும்? பசப்பாவே நம் மிஷினிலிருந்து மாவு வாங்கிப்போனான். "இப்ப நானே கப்பலைத் துன்றேன்" என்று சிரித்தான். அந்தச் சிரிப்பு எனக்குப் பிடிக்கவில்லை. அவன் சும்மா போட்ட பாதி நிலத்தில் முன்னாலேயே ராகி விளைந்திருந்தால், அந்தப் பஞ்சத்துக்கு அவன் வீட்டில் கொஞ்சம் இருந்திருக்குமா? அவன் பசியை ஆற்றிய மூட்டையும் அவன் விவசாயத்தைப் படுக்கவைத்த மூட்டையும் ஒன்றுதானா? நீ இருந்திருந்தால் இதைப் பற்றி ஒரு நாள் முழுக்கப் பேசலாம்.

இப்போது புதுச் சேதி. கப்பல் குறைந்துவிட்டது. சரோஜா பேப்பர் படித்துச் சொல்கிறாள்: பஞ்சாப்பில் குட்டையாக வளர்கிற ஒரு புதுக் கோதுமை போட்டு நல்ல விளைச்சலாம். அந்த விதையும் கடல் தாண்டி வந்ததுதானாம்! தின்கிறதைக் கொடுத்தவர்கள் கடைசியில் விதைக்கிறதையும் கொடுத்தார்களா என்று எனக்கு ஆச்சரியம். ஆனால் நம் ரேஷன் கடையில் கோதுமை ஒரு வாரம் வருகிறது, ஒரு வாரம் வருவதில்லை. சந்து முனை வரைக்கும் நின்ற வரிசை வாசலோடு நிற்கிறது.

இந்த நேரம் பார்த்து சிவாஜிநகர் காதர் சாயபு வந்தார். நல்ல மனுஷன். இடத்தோடு மிஷினை வாங்கி மிளகாய் அரைக்கப்போவதாகச் சொன்னார். மிளகாய் ஓடிய கல்லில் அப்புறம் யாரும் மாவு அரைக்க மாட்டார்கள். விற்றால் விற்றதுதான், திரும்ப வராது. கோதுமையை நம்பிப் போட்ட மிஷின், கோதுமை நின்றால் என்ன ஆகும் என்று முனியம்மாவுக்குப் பயம். வேறு வருமானமும் இல்லை. ஞாயிற்றுக்கிழமை பதில் சொல்வதாகச் சொல்லியிருந்தாள்.

அந்த வாரம் ரேஷனில் ஒரு பிடி கோதுமை வரவில்லை. ஞாயிற்றுக்கிழமை காலையில் சாயபு வந்து ஸ்டூலில் உட்கார்ந்தார். நானும் இருந்தேன். முனியம்மா மோட்டாரைப் போட்டுவிட்டு வாசலையே பார்த்துக்கொண்டு நின்றாள். யாராவது வருவார்களா என்று அவள் பார்த்த பார்வை இருக்கிறதே, அதை நீ பார்க்காமல் போனதே நல்லது.

முதலில் கெம்பம்மா ராகியோடு வந்தாள். பின்னாலேயே ரோஸி, பஜாரில் காசு கொடுத்து வாங்கிய கோதுமையோடு. அப்புறம் இடியாப்ப மாவுக்கு அரிசி, கடலைப்பருப்பு என்று ஒவ்வொருவராக வந்தார்கள். முனியம்மா ராகியை எடுத்துக் கல்லில் கொட்டினாள்.

"அய்யய்யோ, ராகியை ஏன் முதல்ல போட்டே? என் மாவு கறுத்துடும்!" என்று கத்தினாள் ரோஸி.

"யாரு முதல்ல வந்தாங்களோ அவங்குளுது முதல்ல. கறுப்பு வெளுப்பெல்லாம் கல்லுக்குத் தெரியாது."

"அப்ப ஒரு பிடி கோதுமை போட்டுக் கல்லைத் தொடை."

"உன் பிடியைப் போடு. என் பிடி எதுக்கு?"

"ரேஷன்லதான் கோதுமை வரலையே. அரிசி துன்னாம இதை ஏம்மா காசு குடுத்து வாங்கறே?" என்று சாயபு ரோஸியைக் கேட்டார்.

"எங்க வூட்டுப் பசங்க சப்பாத்தி இல்லன்னா ராத்திரி தட்டு முன்னால உக்காரமாட்டேங்குதுங்க சாயபு. ரசம் ஊத்தித் துன்ன காலம் போச்சு."

எனக்குச் சிரிப்பு வந்தது, யோசனையும் வந்தது. கப்பல் போனாலும் அது காட்டிய ருசி போகவில்லை. இது லாபமா, நஷ்டமா? யாருக்கு லாபம்? பஞ்சாப்காரனுக்கா?

சாயபு வரிசை முடிகிற வரைக்கும் உட்கார்ந்திருந்தார். பிறகு எழுந்து துண்டை உதறினார். "கியா மா, கப்பல் நின்னாலும் கல் நிக்கலையே. மொளகாய்க்கு நான் வேற எடம் பாத்துக்கறேன்."

"நான் இன்னும் பதிலே சொல்லலையே சாயபு?"

"அந்தம்மாவோட சண்டை போட்டியே, அதாம்மா பதிலு" என்றார். போகும்போது, அவர் வீட்டுக் கோதுமையையும் இனிமேல் இங்கேயே அனுப்புவதாகச் சொல்லிவிட்டுப் போனார்.

பயம் தீர்ந்துவிடவில்லை, மாப்பிள்ளை. பஞ்ச காலத்துக் கூட்டத்தில் இப்போது பாதிகூட இல்லை. ஆனால் அன்றைக்கு மத்தியானம் முனியம்மா மாவு படிந்த கையோடு என்னிடம் சொன்னாள்: "அண்ணா, கோதுமை எங்கிருந்தோ வருது. யாரோ நிறுத்தினா நின்னுடுது. ராகி அத்திபெலேல இருந்து வருது. பஸ் ஏறிப் போனா நிலத்தைப் பாத்துட்டு வந்துடலாம். நீ போய் பசப்பா அண்ணன்கிட்ட பேசேன்."

நீயும் நானும் இத்தனை வருஷம் அமெரிக்கா வரைக்கும் யோசித்தோம், அத்திபெலே வரைக்கும் யோசித்தோமா?

அதனால் உனக்கு ஒரு வாக்குக் கொடுக்கிறேன். ராகி விதைக்கிற மழை இறங்குவதற்குள் நான் அத்திபெலே போவேன். சும்மா கிடக்கிற அந்தப் பாதி நிலத்தில் பசப்பாவோடு நிற்பேன். இந்த வருஷம் அதை உழு, வருகிற ராகிக்கு எங்கள் வாசலில் இடம் உண்டு என்பேன். வாய்ப்பேச்சை அவன் நம்ப மாட்டான். அப்படியானால் கையைப் பிடித்து பஸ்ஸில் ஏற்றிக் கூட்டிவந்து, காலை வேளையில், பெண்கள் டின்னோடு நிற்கும்போது, மிஷின் முன்னால் நிறுத்துவேன். முதலில் வந்த ராகி முதலில் ஓடுவதை அவனே பார்த்துக்கொள்ளட்டும்.

உன் மச்சான்,
முனியம்மாவின் அண்ணன்,
கோவிந்தன்