பாரந்தாங்கி, இதழ் 112

பிப்ரவரி 4

மைக்கைக்காரிக்கு,

நலம். எப்போதும் கையில் மை அப்பிக்கொள்கிற நீயும் நலம் என்று நம் மகள் சொன்னாள். உன்னிடமிருந்து வருகிற பார்சலில் படம் இருக்கிறதே தவிர ஒரு துண்டுச் சீட்டு கிடையாது. அதனால் அவளைத்தான் கேட்டுக்கொள்ள வேண்டியிருக்கிறது.

பதிப்பாளர் கூப்பிட்டிருந்தார். முந்நூறாவது இதழோடு நம் பாரந்தாங்கி படக்கதையை நிறுத்தப் போகிறார்களாம். இருபத்தைந்து வருடம், மாதம் தவறாமல்! மூன்று முதலாளிகள் மாறினார்கள், இரண்டு அச்சகங்கள் மூடின. விழுகிற பாலத்தையும் கட்டடத்தையும் தோளில் வாங்குகிற நம் ஆளை மட்டும் யாராலும் கீழே தள்ள முடியவில்லை. நாற்பத்தேழாவது இதழ் ஞாபகம் இருக்கிறதா? வேறு மை கிடைக்காமல் புத்தகம் முழுக்க நீலத்தில் வந்ததே! என்ன கற்பனை, என்ன துணிச்சல் என்று வாசகர்கள் மூட்டை மூட்டையாக எழுதினார்கள். நாம் வாயே திறக்கவில்லை.

முந்நூறை வரைய மாட்டேன் என்றாயாம். வேறொருவர் வரைந்து அவன் கதை முடிந்தால் என்னால் அதற்கு வசனம் எழுத முடியாது. நீதான் வரைய வேண்டும். காலில் விழச் சொன்னால் விழுகிறேன். முட்டி வலி இருக்கிறது, எழுப்பிவிடுவது உன் பொறுப்பு.

பழைய இதழ்கள் எல்லாம் தொகுப்புகளாக வரப் போகின்றன. நிறம் சரிபார்க்க உனக்கு அனுப்புவார்கள்.

இப்படிக்கு,
அவனுக்கு வசனம் எழுதுகிறவன்

பிப்ரவரி 11

எழுத்தாளர் அவர்களுக்கு,

வணக்கம். முட்டியை டாக்டரிடம் காட்டவும்.

வரைய மாட்டேன். மகளிடம் மணிக்கட்டு வலி என்று சொல்லி வைத்தேன். உங்களிடம் எதற்கு ஒளிக்க வேண்டும்? அன்று நம் கதை சினிமாவாகிறது என்று அறிவித்த விழாவில் உங்களைக் கேட்டார்கள், "பாரந்தாங்கிய உருவாக்குனது யாரு சார்?" நீங்கள் மைக்கைப் பிடித்து, "நான்தான்" என்றீர்கள். ஒரே கைதட்டல். இரண்டாவது வரிசையில் ஆறு வயது மகளை மடியில் வைத்துக்கொண்டு நான் உட்கார்ந்திருந்தேன். கதை உங்களுடையது, மறுக்கவில்லை. அந்தத் தோளும், முதுகு வளைவும், அவன் கால் ஊன்றுகிற விதமும் என் பென்சிலில் பிறந்தவை. அந்த வாரமே வீட்டை விட்டு வந்தேன். உங்களை விட முடிந்தது, அவனை விட முடியவில்லை. அதனால்தான் வரைந்தேன்.

பிரிந்த பிறகு வரைந்த முதல் இதழ் 112. நம் முறை என்ன? யார் எங்கே ஓடுகிறார், எது இடிகிறது என்று நீங்கள் சுருக்கம் தருவீர்கள். நான் வரைவேன். வந்த படத்தைத் திருப்பி அனுப்பக் கூடாது, அதற்கேற்ற வசனத்தை நீங்கள் எழுத வேண்டும். உங்கள் சுருக்கத்தில், பாலத்திலிருந்து விழுகிற பெண்ணை அவன் பிடித்துவிடுகிறான். நான் பிடிக்க விடவில்லை. கையைத் தொங்கப் போட்டுக்கொண்டு அவன் நிற்கிறான், அவள் விழுகிறாள். இதற்கு எழுதுங்கள் பார்ப்போம் என்று அனுப்பினேன். கனவு, மாயம் என்று ஏதாவது பூசி மெழுகியிருப்பீர்கள். எனக்குத் தெரியாது. அன்றிலிருந்து அச்சில் வந்த ஒரு புத்தகத்தையும் நான் பிரித்ததில்லை. இப்போதும் நிறத்தை மட்டும்தான் பார்ப்பேன்.

இப்படிக்கு,
ஓவியர்

பிப்ரவரி 16

மைக்கைக்காரிக்கு,

ஒன்றைக்கூடவா? பதினைந்தரை வருடத்தில் ஒன்றைக்கூடவா படிக்கவில்லை? உன் கடிதத்தை நாலு தடவை படித்தும் நம்ப முடியவில்லை.

112, பதினெட்டாம் பக்கம். அதை மட்டும் படி. அப்புறம் முந்நூறு உன் இஷ்டம். இன்றைக்கு இதற்கு மேல் எழுதக் கை வரவில்லை.

மார்ச் 9

எழுத்தாளருக்கு,

நிறம் பார்க்கப் பழைய இதழ்கள் ஏழு பெட்டிகளில் வந்தன. நீங்கள் சொன்ன பக்கத்தை உடனே திறந்துவிட்டால் நான் நானா? வீம்புக்கு முதல் இதழிலிருந்து ஆரம்பித்தேன். 111 வரை எனக்குத் தெரிந்தவன்தான், பழைய ஸ்நேகிதனைப் பார்த்த மாதிரி இருந்தது.

பிறகு 112. பக்கம் முழுக்க ஒரே ஒரு படக்கட்டம். அவன் நிற்கிறான், அவள் விழுகிறாள். மூலையில் சின்னதாக ஒரு வசன பலூன்: "முடியாமல் இல்லை. கை நீட்டவில்லை. அவ்வளவுதான்."

கனவு இல்லை, மாயம் இல்லை. நான் கோபத்தில் போட்ட கோட்டை நீங்கள் அப்படியே ஒப்புக்கொண்டிருக்கிறீர்கள். புத்தகத்தை மூடிவிட்டு முகம் கழுவிக்கொண்டு வந்தேன். திரும்பவும் எடுத்தேன்.

அதற்குப் பிறகு 187 இதழ்கள். ஒன்று விடாமல், எங்கோ ஓர் ஓரத்தில், அவளுக்கு ஒரு வரி. ரயிலைத் தூக்கி நிறுத்தியவனைச் சனங்கள் கொண்டாடுகிறார்கள், அவன் சொல்கிறான்: "இதைவிட லேசான ஒருத்தியை விட்டவன் நான்." 241-இல் வில்லன் கேட்கிறான், உன் பலவீனம் எது என்று. அவன் சொல்கிறான்: "கைதட்டல்." அங்கே எனக்கு அழுகையும் சிரிப்பும் சேர்ந்து வந்தன. வாசகர் பக்கத்தில் ஒரு நர்ஸ் வருடம் தவறாமல் கேட்டிருக்கிறார், அந்தப் பெண் அவனை எப்போது மன்னிப்பாள் என்று. கிரேன் ஓட்டுகிற ஒருவர், காலையில் பாரம் தூக்குமுன் அவன் பெயரைச் சொல்லிக்கொள்வாராம். இதெல்லாம் நடந்துகொண்டிருந்தபோது நான் படத்தைக் கட்டி அனுப்பிவிட்டுக் கை கழுவிக்கொண்டிருந்தேன்.

எல்லாவற்றையும் தரையில் பரப்பினேன். கூடம் போதவில்லை, சமையலறை வாசல் வரைக்கும் போனது. நடுவில் கால் வைக்க இடமில்லாமல் நின்று பார்த்தேன். மலைத்துப் போனேன். இவ்வளவு பெரியதா நாம் செய்தது? முகம் பார்க்காத இரண்டு பேர், நாற்பது நிமிட பஸ் தூரத்தில் உட்கார்ந்துகொண்டு, இப்படி ஒருவனை வளர்த்திருக்கிறோம். நம் இரண்டு பேரையும்விட அவன் நல்லவனாக வளர்ந்திருக்கிறான்.

மகளுக்கு போன் செய்தேன். "அம்மா, இது எனக்கு அப்பவே தெரியுமே! நீ படிச்சிருப்பேன்னுதான் நெனச்சேன்" என்கிறாள்.

ஆனால் ஒன்று கேட்கிறேன். ஊருக்கெல்லாம் சொன்னீர்கள். என்னிடம் ஏன் சொல்லவில்லை? மன்னிப்புக் கேட்க அவன் வாயை எதற்கு இரவல் வாங்கினீர்கள்?

இப்படிக்கு,
ஓவியர்

மார்ச் 13

மைக்கைக்காரிக்கு,

நீ படிக்கிறாய் என்றே நினைத்து எழுதினேன். மாதா மாதம் பார்சலைப் பிரித்ததும் உள்ளே சீட்டு இருக்கிறதா என்று உதறிப் பார்ப்பேன். இருக்காது. படித்தும் மனம் இரங்கவில்லை என்று எடுத்துக்கொண்டேன். அவன் பேசினால் அழகாக இருந்தது, நான் பேச நினைத்தால் நாக்கு ஒட்டிக்கொண்டது. இதற்குப் பெயர் கோழைத்தனம். வேறு பெயர் தேட மாட்டேன்.

அன்று மேடையில் நான் சொன்னது பொய். அவனை நீயும் நானும் சேர்ந்துதான் உருவாக்கினோம். உன் கோடு விழும்வரை என்னிடம் இருந்தது வெறும் ஒரு பெயர். தொகுப்புகளில் உருவாக்கியவர்கள் என்று இரண்டு பெயர்களும் வரும், உன் பெயர் முதலில். பதிப்பாளருக்கு எழுதிக் கொடுத்துவிட்டேன். நீ முந்நூறை வரையாவிட்டாலும் அது மாறாது.

என்னை மன்னித்துவிடு. இதை நான்தான் கேட்கிறேன்.

உன் கணவன்

மார்ச் 17

உங்களுக்கு,

படித்தேன். இரண்டு தடவை.

இதையும் எழுத்தில்தான் சொல்லியிருக்கிறீர்கள். ஞாயிற்றுக்கிழமை வாருங்கள், வந்து வாயால் சொல்லுங்கள். மகளையும் வரச் சொல்லியிருக்கிறேன், அவள் காதாலும் கேட்கட்டும். கேட்ட பிறகுதான் முந்நூறுக்குப் பென்சில் எடுப்பேன்.

சாப்பிட்டுவிட்டு வராதீர்கள்.

நான்