கூரையில் கட்டிய சட்டை

மலையடிவாரம்,
ரெட்டியார்சத்திரம் வழி,
18.4.1998

அன்பு மகன் சோலைமுத்துவுக்கு அப்பா எழுதுவது. இங்கே நானும் அம்மாவும் அக்காவும் நலமாக இருக்கிறோம், அந்தப் பனியில் உன் உடம்பு எப்படி இருக்கிறதோ என்பதே எங்களுக்கு ஓயாத நினைப்பு. முழங்கால் வலியோடு அம்மா மல்லிகைத் தோட்டத்து வேலைக்குப் போகிறாள், சொன்னால் கேட்பதில்லை.

உன் அக்கா மகள் சுகன்யா பெரிய மனுஷியான சேதிக்கு நீ பட்டாளத்திலிருந்து எழுதிய பதில் கிடைத்தது. பத்தாவது படிக்கிற பிள்ளையைத் தழைக் குச்சுக்குள் அடைத்து வைக்கிற காரியத்துக்கு வரமாட்டேன் என்று எழுதியிருந்தாய். அதை அக்காவுக்கு நான் படித்துக் காட்டவில்லை. யாரும் அடைக்கவில்லை அப்பு, குச்சிலிருந்தே போய் எல்லாப் பரீட்சையும் எழுதிவிட்டாள். குச்சுல இருக்குற பிள்ள ரோட்டத் தாண்டலாமா என்று நம் ஆட்கள் குதித்தார்கள், எழுதிட்டு வந்து உக்காந்துக்கிறேன், போதுமா என்று சொல்லிவிட்டுப் போனாள். சொன்னபடியே வந்தாள். எனக்கு அவ்வளவு பெருமையாக இருந்தது.

மலையைவிட்டு இறங்கி இத்தனை வருஷமாகியும் நாம் இந்த முறையை மட்டும் விடவில்லை. தாய்மாமன் நீ இல்லாததால் நான்தான் தழை வெட்டிக் குச்சுக் கட்டி, உனக்குப் பதிலாக உன் நீலச் சட்டையை அதன் கூரையில் கட்டினேன். இனி அதை எரித்து அவளை வீட்டுக்கு அழைக்க வேண்டும். நீ வந்து சட்டையைக் கழற்றிய பிறகுதான் தீ வைக்கலாம். சட்டையோடு எரித்தால் மாமன் செத்ததற்குச் சமம், அவளுடைய எந்த நல்லது கெட்டதுக்கும் பிறகு நீ முன்னால் நிற்க முடியாது. வராதவனுக்கு எம்புட்டு நாளு காத்துக் கெடக்குறது, சட்டையோட கொளுத்துங்க என்கிறான் உன் சித்தப்பன் கருப்பணன். எல்லையில் நிற்கிற பிள்ளைக்கு அப்படிச் செய்ய எனக்குக் கை வராது.

நேற்றுச் சாயங்காலம் அடித்த காற்றில் சட்டை தானாகவே கழன்று விழுந்தது. சாமியே கழற்றிவிட்டது என்று கருப்பணன் தீப்பெட்டியை எடுத்தான், எனக்கும் அது சரியென்றே பட்டது. சுகன்யா வெளியே வந்தாள், சட்டையை எடுத்து மண்ணைத் தட்டினாள், மறுபடியும் கூரையில் கட்டினாள். மாமா வந்து கழட்டட்டும் தாத்தா என்று சொல்லிவிட்டு உள்ளே போய் உட்கார்ந்துகொண்டாள். தழையெல்லாம் சருகாகிவிட்டது, எங்காவது அடுப்புப் பொறி பறந்தாலும் தண்ணீர்க் குடத்தோடு ஓடுகிறேன்.

மலைச்சாமி உனக்குத் துணையாக இருக்கட்டும், நோய்நொடி இல்லாமல் இரு. காதுக்குத் துணி கட்டிக்கொள்ள மறக்காதே. லீவு கேட்கும்போது வீட்டில் சாவு என்று பொய் சொல்லாதே, பிள்ளை காத்திருக்கிறாள் என்று சொல்.

இப்படிக்கு,
உன் அப்பா
சடையாண்டி