இளையவர் பேசும் வரை

மார்ச் 3, செவ்வாய்

குளியலறையில் கவிழ்த்த வாளிமேல் உட்கார்ந்து எழுதுகிறேன். அப்பா கண்ணில் பட்டால் தோலை உரித்துவிடுவார்.

இணையக் கலைக்களஞ்சியத்தில் எங்கள் வழிபாட்டு மன்றத்துக்கு ஒரு பக்கம் இருக்கிறது. யார் வேண்டுமானாலும் திருத்தலாம். போன வாரம் ஒருவர் எங்களை "மூடர் கூட்டம்" என்று எழுதியிருந்தார். இன்னொருவர் அதை அழித்து "உலகின் ஒரே உண்மை நெறி" என்று போட்டார். இரண்டையும் நான் எடுத்தேன். "இவர்கள் மௌன வழிபாட்டை முதன்மையாகக் கருதுகின்றனர்" என்று எழுதினேன். மன்றம் இரண்டாகப் பிரிந்ததையும் ஆண்டோடு சேர்த்தேன்: "இரு பிரிவினரும் தாங்களே தொடக்க நெறியினர் என்கின்றனர்." பள்ளி நூலகத்துப் புத்தகம் ஒன்றை மேற்கோளாகக் கொடுத்தேன்.

பொய் இல்லையே?

அத்தை அந்த இன்னொரு பிரிவுக்குப் போனவள். அன்றிலிருந்து அப்பாவுக்குத் தங்கை இல்லை.

மார்ச் 5

பிரிவு பற்றிய வரியைக் காணோம். திரும்பச் சேர்த்தேன்.

மார்ச் 6

மறுபடியும் காணோம். வேதாளம் முருங்கை மரம் ஏறிவிட்டது. நானும் ஏறினேன்.

மார்ச் 8, ஞாயிறு

அழிப்பது அப்பா!

அப்பா ஒற்றை விரலால்தான் தட்டுவார், வாய்விட்டுச் சொல்லிக்கொண்டே. சாயங்காலம் கூடத்தில் கேட்டது: "பிரி...ந்து... போ...ன... வழி... தவ...றி...யவர்கள்."

"யாருக்குக் கடுதாசி?" என்று அம்மா கேட்டாள்.

"உலகத்துக்கு."

பக்கத்தைத் திறந்தேன். அதே சொற்கள்.

விட்டுவிடலாமா? யார் கேட்கப் போகிறார்கள்? ஆனால் வீட்டில் அத்தை பேரை எடுக்கக் கூடாது, குடும்பப் படத்தில் அவள் பக்கம் மடிச்சாச்சு — இங்கேயும் அழிக்கணுமா? முடியாது. நான் விட மாட்டேன்.

திருத்துபவர்கள் பேசிக்கொள்ளும் உரையாடல் பக்கத்தில் கேட்டேன்: "ஐயா, அந்த வரியில் எது பொய் என்று சொல்லுங்கள். பொய்யென்றால் நானே எடுக்கிறேன்."

பெற்ற அப்பாவை ஐயா என்று கூப்பிட்ட பெண் நானாகத்தான் இருப்பேன்.

மார்ச் 11

முட்டாள். முட்டாள்.

வழிபாடு முடிந்ததும் கூட்டத்தில் இளையவர் முதலில் பேசும் வரை யாரும் வாய் திறப்பதில்லை என்று நேற்று எழுதிவிட்டேன். எந்தப் புத்தகத்திலும் இல்லாத வழக்கம். உள்ளே இருப்பவர்களுக்குத்தான் தெரியும். எங்கள் மன்றத்தில் இளையவள் நான்.

சாப்பிடும்போது அப்பா சொன்னார்: "இது வெளியாள் வேலை இல்ல. நம்ம ஆளுதான் எழுதுறான்."

எனக்குப் புரையேறியது. அம்மா தலையில் தட்டினாள். "யாரோ உன்னை நினைக்கிறாங்கடி."

நினைக்காமலா!

அந்த வழக்கத்தை நானே எடுத்துவிட்டேன். பயந்துபோய் மட்டும் இல்லை. ஊருக்கெல்லாம் சான்று கேட்கிற எனக்கு மட்டும் சலுகையா? ஆனால் "வழி தவறியவர்கள்" என்பதையும் எடுத்தேன். பிரிவு வரியைத் திரும்பப் போட்டேன்.

மார்ச் 14

பதில் வந்திருக்கிறது.

"ஐயா, இரண்டு நாள் யோசித்தேன். பொய் இல்லை. ஆனால் நீங்கள் போட்ட ஆண்டு தவறு. அன்று நான் வாசலிலேயே நின்றேன். தங்கை எனக்கு முன்னால்தான் படியிறங்கிப் போனாள்."

தண்ணீர்க் குழாயைத் திறந்து முகம் கழுவினேன்.

பிறகு எழுதினேன்: "ஐயா, நேரில் பார்த்தது இங்கே செல்லாது. அச்சில் வந்த சான்று வேண்டும்."

அப்பாவை எதிர்த்து நான் பேசியதே இல்லை. அழுகை வந்தது. அனுப்பிவிட்டேன்.

மார்ச் 17

அப்பா போனை வைத்துக்கொண்டு கூடத்துக்கும் வாசலுக்கும் நடந்தார். கடைசியில்:

"நான்தான்... ம்... உங்க மன்றம் தொடங்கினப்போ மலர் ஒண்ணு அச்சடிச்சீங்களே, இருக்கா?"

யார் என்று அம்மா கேட்கவில்லை. அடுப்பை அணைத்துவிட்டு வந்து நின்றாள்.

மார்ச் 22, ஞாயிறு

வாளி வேண்டாம். கூடத்து மேசையில் எழுதுகிறேன்.

அத்தை வந்தாள். தலை நரைத்திருக்கிறது. மலரை மேசைமேல் வைத்துவிட்டு உட்கார்ந்தாள். அப்பா எதிரில். இரண்டு பேரும் வாயைத் திறக்கவில்லை. மன்றம் பிரிந்தாலும் பழக்கம் பிரியவில்லை போல.

அப்பா மெதுவாக என் பக்கம் திரும்பினார்.

"என்ன ஐயா? நீங்கதானே ஆரம்பிக்கணும்?"

நாற்காலியைப் பிடித்துக்கொண்டேன்.

"அத்தை," என்றேன், "ஆண்டு எந்தப் பக்கத்துல இருக்குன்னு பாருங்க. மேற்கோள்ல பக்க எண்ணும் போடணும்."