கோர்டெலுக்கு ஒரு ரசீது

மார்ச் 4, செவ்வாய்
நூலகத்தில் நாள் முழுக்க யாரிடமும் பேச வேண்டியிருக்கவில்லை. நல்ல நாள்.

அண்ணன் கோர்டெலுக்குப் பள்ளிப் பேருந்து ஓட்டும் வேலை! ஏப்ரல் ஒன்றாம் தேதி சேர வேண்டும். சீருடையில் பொத்தான் தைக்க நூல் வாங்கக் கிளம்பினான். அம்மா வாசல்வரை போனாள். "நூலே ஆனாலும் பையும் ரசீதும் இல்லாம கடையவிட்டு வெளிய வராத." எங்கள் மிசிசிப்பியில் கறுப்புப் பிள்ளைகளுக்குத் தாய்ப்பாலோடு ஊட்டுவது இது.

மார்ச் 5
அண்ணனைப் பிடித்துப் போய்விட்டார்கள். நேற்று மாலை 6.40க்கு ஊரின் வடகோடி மதுக்கடையில் திருட்டு. தேடப்படுபவன்: கறுப்பு ஆண், உயரம் ஐந்தடி முதல் ஆறரை அடி, தொப்பி. இந்த அடையாளத்தில் எங்கள் பாதிரியாரும் அடக்கம்.

"நீதானடி படிச்சவ, நீ பேசு" என்று அம்மா என்னைக் காவல் நிலையத்துக்குள் தள்ளினாள். அவள் ரசீதுகளைச் சேர்த்துவைக்கும் பிஸ்கட் டப்பாவிலிருந்து எடுத்ததை நீட்டினேன். தென்கோடிக் கடை, 6.42, நூல்கண்டு ஒன்று.

"ரசீது அங்க இருந்துச்சு, சரி. உங்கண்ணன் இருந்தான்னு அது சொல்லுதா?" என்றார் அதிகாரி.

நன்றி சொல்லிவிட்டு வந்தேன். நன்றியாம்!

மார்ச் 12
அதே கடையில் மறுபடி திருட்டு. அதே தொப்பி. இரண்டு போலீஸ்காரர்கள் வீட்டுக்கு வந்தார்கள்.

"கோர்டெல் எங்க?"

"உங்க ஜெயில்ல. ஒரு வாரமா" என்றாள் அம்மா.

"அதுக்கு ஆதாரம் இருக்கா?"

இனி விட்டுவிடுவார்கள் என்று நினைத்தேன். "அப்ப திருடனுங்க ரெண்டு பேரு" என்று எழுதிக்கொண்டு போனார்கள்.

மார்ச் 28
அரசு எங்களுக்குத் தந்த வக்கீல் ஏழு நிமிடம் ஒதுக்கினார். "செஞ்சேன்னு சொன்னா இன்னிக்கே வீட்டுக்குப் போகலாம். செய்யலைன்னு சொன்னா உள்ளயே இருக்கணும், விசாரணை நவம்பர்ல."

செய்தவன் வீட்டுக்கு, செய்யாதவன் சிறைக்கு. சரியாகத்தான் கேட்டேனா?

"நான் போகலைன்னா ஒன்னாந்தேதி பஸ் நிக்குமே" என்று அண்ணன் கையெழுத்துப் போட்டான்.

சிறை வாசலில் அம்மா நகரவில்லை. "புள்ளையத் திருப்பிக் குடுத்ததுக்கு ரசீது குடுங்க." காவலர் சிரித்தார். சிரித்து முடித்தும் அம்மா நின்றாள். கடைசியில் எழுதிக் கொடுத்தார்: ஆண், ஒன்று.

ஏப்ரல் 1
குற்றத்தை ஒப்புக்கொண்டவனிடம் பிள்ளைகளை ஒப்படைக்க மாட்டார்களாம். சீருடை கொடியில் தொங்குகிறது, எல்லாப் பொத்தானோடும்.

ஏப்ரல் 20, ஞாயிறு
"பால் வாங்கணும், கூட வர்றியா?" அண்ணன் என் முகத்தைப் பார்க்காமல் கேட்டான். "ரசீது மட்டும் பத்தாது."

கடையில் பால் விலையை இரண்டு முறை படித்தேன். பிறகு எல்லோருக்கும் கேட்கும்படி சொன்னேன்: "மணி ஆறு பத்து. இது எங்கண்ணன் கோர்டெல். இங்கதான் நிக்கிறான். நல்லாப் பாத்துக்கங்க."

வரிசையில் ஒன்பது பேர் திரும்பினார்கள். ஒன்பது பேரிடமும் பெயர் கேட்டு ரசீதின் பின்னால் எழுதிக்கொண்டேன்.