அக்காவுக்குப் போன பொய் மின்னஞ்சல்

மார்ச் 4
புது வேலை. ஒரு சரக்குக் கப்பல் நிறுவனம். அவர்களே கையெழுத்துப் போட்டு அனுமதி தந்திருக்கிறார்கள்: திருடன் மாதிரி எங்கள் கணினிகளுக்குள் நுழைந்து பாருங்கள், எங்கே ஓட்டை என்று சொல்லுங்கள். முதலில் ஊழியர்களுக்குப் பொய் மின்னஞ்சல். எத்தனை பேர் ஏமாந்து அழுத்துகிறார்கள் என்று பார்க்க வேண்டும். பட்டியலில் இருநூற்றுப் பன்னிரண்டு பெயர். நாற்பத்தேழாவது பெயர் என் அக்காவுடையது.

மார்ச் 5
பட்டியலில் சொந்தக்காரர் இருந்தால் எங்கள் மேலாளரிடம் சொல்லிவிட வேண்டும். சொன்னால் இந்த வேலையிலிருந்து விலக்கிவிடுவார். சொல்லவில்லை.

அம்மா இறந்துபோன அன்று இதே மாதிரி ஒரு வேலையில் இருந்தேன். கைப்பேசியை வாசலிலேயே வாங்கி வைத்துவிட்டார்கள். அக்கா பதினோரு முறை அழைத்திருந்தாள். அதன்பின் மூன்று வருடமாக ஒரு வார்த்தை இல்லை. அவள் குரலைக் கேட்க வேண்டும். திட்டினாலும் சரி.

மார்ச் 7
எல்லோருக்கும் எழுதியது: ‘உங்கள் விடுப்பு விண்ணப்பத்தில் பிழை. உடனே சரிபார்க்கவும்.’ பதறினால்தான் ஆள் யோசிக்காமல் அழுத்துவார். அக்காவைப் பதற வைக்க மனசு வரவில்லை. அவளுக்கு மட்டும் மாற்றினேன்: ‘அவசரமில்லை, சாப்பிட்டுவிட்டுப் பார்த்தால் போதும்.’

மார்ச் 8
அனுப்பியாயிற்று.

மார்ச் 11
அறுபத்தொரு பேர் மாட்டினார்கள். அக்கா மாட்டவில்லை, சந்தேகமாக இருக்கிறதென்று புகார் கொடுத்திருக்கிறாள். அவளையா ஏமாற்ற முடியும்?

மேலாளர் அவளுக்குப் போன மின்னஞ்சலைப் படித்துவிட்டார். “தூண்டில் போடறவன் மீன்கிட்ட சாப்பிட்டியான்னு கேப்பானாப்பா?” உண்மையைச் சொன்னேன். கத்தவில்லை, இந்த ஒரு வேலையிலிருந்து மட்டும் விலக்கிவிட்டார். புகார் கொடுத்தவர்களைக் கூப்பிட்டுக் காரணம் கேட்பது என் பொறுப்பாக இருந்தது. அதற்காகத்தானே வாயை மூடிக்கொண்டிருந்தேன். கைக்கு எட்டியது வாய்க்கு எட்டவில்லை.

மார்ச் 12
கண்ணாடிக் கதவுக்கு அந்தப் பக்கம் மேலாளர் தொலைபேசியில் அக்காவோடு பேசினார். எனக்கு ஒன்றும் கேட்கவில்லை. பிறகு வெளியே வந்தார்.

“ஆபீஸ்ல யாரும் சாப்பாட்ட பத்தி விசாரிக்க மாட்டாங்க, அதான் சந்தேகம்னாங்க. இது அறிக்கைக்கு.” கொஞ்சம் நின்றார். “என் தம்பிதான் இப்படி எழுதுவான், அவன் உங்ககிட்டயா இருக்கான்னு கேட்டாங்க. ஆமான்னேன். இது உனக்கு.”

மார்ச் 14
அழைப்பு வரவில்லை. நானே அழைத்தால்? எடுக்காவிட்டால்? ஊரார் பூட்டையெல்லாம் ஆட்டிப் பார்க்கிறவன், ஒரு எண்ணை அழுத்தப் பயந்து சாகிறேன்.

மார்ச் 15
அழுத்திவிட்டேன். எடுத்தாள். “சொல்லுடா.” நான் தொடங்குமுன் அவளே, “என் லேப்டாப் ரொம்ப மெதுவா ஓடுது. ஞாயித்துக்கிழமை வந்து பாரு” என்றாள்.

மார்ச் 17
போனேன். மூன்று மணி நேரம் அவள் பக்கத்தில் உட்கார்ந்து பார்த்தேன். அதில் ஒரு கோளாறும் இல்லை.