ஆட்டுக்குக் குளம்பு வெட்டினேன்

செவ்வாய், ஐப்பசி 18.

மழை ஈரத்தில் குளம்பு வளர்ந்து மடங்கி, கறுப்பாடு நொண்டியது. தனியாகப் பிடித்து வெட்ட முடியவில்லை. வரப்புத் தகராறுக்குப் பிறகு என்னோடு பேச்சை நிறுத்தியிருந்த ஓரகத்தி செல்வி, பார்த்துக்கொண்டே நின்றவள், வேலியைத் தாண்டி வந்து ஆட்டைச் சுவரோடு அணைத்துப் பிடித்துக்கொண்டாள்.

அடைந்திருந்த சேற்றைக் குத்தி எடுத்துவிட்டு, முன்னங்கால் இரண்டிலும் கத்தரியால் கொஞ்சம் கொஞ்சமாகச் சீவினேன்.

"போதும்க்கா. உள்ள ரோஸா தெரியுது. இன்னும் வெட்டினா ரத்தம் வந்துடும்," என்றாள்.

ஏழு மாதத்தில் அவள் பேசிய முதல் பேச்சு. கத்தரியைக் கீழே வைத்துவிட்டேன்.

"பின்னங்காலு?"

"ஆடு களைச்சிருச்சு செல்வி. நாளைக்கு வர்றியா?"

"காலையில வர்றேங்க்கா."

ஆடு களைக்கவில்லை. சாவகாசமாக அசைபோட்டுக்கொண்டுதான் நின்றது. செல்விக்கும் அது தெரிந்திருக்கும்.