நன்றிக்கு எல்லை எது?

வெள்ளி, ஆவணி 12

இன்று தருமபுரி குடிமைப்பணித் தேர்வுப் பயிற்சி மையத்தில் மாதிரி நேர்காணல். நிறவெறி ஆட்சி முடிந்த பிறகு தென்னாப்பிரிக்கா, போராட்டக் காலத்தில் தனக்கு உதவிய நாடுகள் தவறு செய்தபோது வெளிப்படையாகக் கண்டிக்காமல் தனியாகப் பேசிப் பார்த்தது சரியா என்று கேட்டார்கள். கோழைத்தனம் என்றேன். பாராட்டினார்கள்.

சாயங்காலம் பாப்பாரப்பட்டிக்கு வந்தால் வாசலில் எங்கள் தெருக்காரர்கள். சுடுகாட்டுப் பாதையை வேலி போட்டு அடைத்த நிலத்துக்காரருக்கு எதிராக, தாசில்தாரிடம் அப்பா சாட்சி சொல்ல வேண்டுமாம். ஊரே எங்களை ஒதுக்கியபோது தன் கிணற்றைத் திறந்துவிட்டவர் அந்த நிலத்துக்காரர் ஒருவர்தான்.

அவர்கள் போனதும் கேட்டேன். "அவரு செஞ்சது தப்புதானேப்பா?"

"தப்புதான். மொதல்ல அவரு வூட்டுக்குப் போயி நானே சொல்லிப் பாக்குறேன்."

"கேக்கலைன்னா?"

"அப்பறம் சாட்சி சொல்றேன்."

போய்விட்டு வந்தார். "யோசிக்கிறேன்னு சொன்னாரும்மா" என்றவர் சாப்பிடாமல் படுத்துவிட்டார்.

அப்பாவைக் கோழை என்று சொல்ல எனக்கு வாய் வரவில்லை. ஆனால் எவ்வளவு நாள் பொறுப்பது? தென்னாப்பிரிக்காவில் அதை யார் முடிவு செய்திருப்பார்கள்? அதற்குள் எங்கள் தெருவில் ஒரு சாவு விழுந்தால்?